உப்பில் வைத்த வெள்ளை

போன மாதம் ஒரு பெண் போனில் கூப்பிட்டாள். பெயர் மாரிச்செல்வி. தூத்துக்குடியில் ஒரு ஜவுளிக்கடையில் சேலைப் பிரிவில் வேலை பார்க்கிறாளாம், ஊரில் உள்ள வீடியோக்காரர்களிடம் விசாரித்து என் நம்பரைப் பிடித்திருக்கிறாள். "அக்கா, எங்கம்மையப் படம் பிடிச்சது நீங்கதானாமே?" என்று கேட்டாள். கல்யாண வீடுகளில் வீடியோ பிடித்தே பாதி வயதைக் கழித்தவள் நான். யார் யார் அம்மாவையோ பிடித்திருக்கிறேன், பெரும்பாலும் பந்தியில் வாய் நிறையச் சோற்றோடு இருக்கும்போது. எந்தக் கல்யாணம் என்று கேட்டேன். "கல்யாணம் இல்லக்கா, உப்பளத்துல" என்றாள். நான் பரணை நிமிர்ந்து பார்த்தேன்.

அவள் அம்மா இசக்கியம்மாள் முந்தின வருஷம் இறந்துபோயிருக்கிறாள். வீட்டில் அவளுடைய படம் என்று இருப்பது வாக்காளர் அட்டையில் உள்ளது ஒன்றுதான். அதைப் பெரிதாக்கி மாட்டியிருக்கிறார்கள். வாக்காளர் அட்டைப் படத்தைப் பெரிதாக்கினால் எப்படி இருக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. "அது எங்கம்மை மாதிரியே இல்லக்கா. ஒரு கலர் போட்டோ கூட எங்ககிட்ட கெடையாது. அம்மை சொல்லிக்கிட்டே இருப்பா, என்னையக் கலர்ல பிடிச்சிருக்காவ, ஒருநா கொண்டாந்து தருவாவன்னு." இதை அவள் குறையாகச் சொல்லவில்லை. தகவலாகத்தான் சொன்னாள். அதுதான் எனக்கு அதிகமாக வலித்தது. கொண்டுவந்து தருகிறேன் என்று இசக்கியம்மாளிடம் சொன்னது நான். சொல்லி இருபது வருஷம் ஆகிவிட்டது.

கேசட் பரணில் ஒரு மக்ரூன் பெட்டிக்குள் இருந்தது. எங்கள் ஊரில் மக்ரூன் தின்று முடிந்த பிறகு அந்த அட்டைப் பெட்டிக்குள் என்னென்ன குடியேறும் என்பதைத் தனியாக எழுத வேண்டும். மின்சார ரசீது, பத்திரம், ஜாதகம், எனக்குக் கேசட். பெட்டியைத் திறந்தபோது முந்திரிப்பருப்பும் சீனியும் கலந்த வாசனை இன்னும் லேசாக இருந்தது. அல்லது எனக்கு அப்படித் தோன்றியது. அந்த வாசனையோடு டெல்பினும் வந்துவிட்டான், ஏனென்றால் அந்த மக்ரூனை வாங்கி வந்தவன் அவன்தான், பாதிக்கு மேல் தின்றவனும் அவன்தான்.

டெல்பின் திரேஸ்புரத்துக்காரன். அப்பா, அண்ணன் எல்லோரும் கடலுக்குப் போகிறவர்கள். இவன் மட்டும் கப்பலுக்குப் போகப் படித்துவிட்டு, வேலை வரும்வரை எங்கள் ஸ்டூடியோவில் வீடியோவை வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தான். நான் கேமரா. மணமகளின் அறைக்குள் போய்ப் படம் எடுக்க ஒரு பெண் வேண்டும் என்பதற்காக என்னைச் சேர்த்திருந்தார்கள். அவன் ஒருநாள் என்னிடம், "நம்ம ஜில்லாவுல நாலு கலரு இருக்கு, அதப் படமா எடுப்போம்" என்றான். ஒரு குறும்படம், இருபது நிமிஷம். கதை கிடையாது, பேட்டி கிடையாது. தேரிக்காட்டு மணலின் சிவப்பு, ஸ்ரீவைகுண்டத்து வயல் பச்சை, உப்பளத்து வெள்ளை, கடைசியில் கடல். அவ்வளவுதான். இதை யார் பார்ப்பார்கள் என்று கேட்டேன். "நம்ம ரெண்டு பேரும் பாப்போம்" என்றான். அந்த வயதில் அந்தப் பதில் எனக்குப் போதுமானதாக இருந்தது. வேறு என்ன காரணம் என்று நீங்கள் கேட்டால் நான் சிரித்து மழுப்பிவிடுவேன்.

ஸ்டூடியோ அண்ணாச்சி நல்ல மனுஷர். கேமராவை எடுத்துக்கொள்ளச் சொன்னார். கல்யாணம் இல்லாத நாளாக இருக்க வேண்டும் என்பது ஒன்றுதான் நிபந்தனை. கேட்பதற்குச் சின்ன நிபந்தனை. ஆனால் எங்கள் ஊரில் பஞ்சாங்கம் ஒரு பக்கம், பங்குச்சாமியார் ஒரு பக்கம். தவக்காலத்தில் கரைப்பக்கத்துக் கிறிஸ்தவர்களிடம் கல்யாணம் இருக்காது, அப்போதுதான் மற்றவர்களுக்கு முகூர்த்தம் அடுக்கடுக்காக வரும். ஆடியில் மட்டும் எங்களுக்கு அதிர்ஷ்டம். ஆடியில் இந்துக்கள் கல்யாணம் வைக்க மாட்டார்கள், மாதா கோவில் திருவிழா முடியட்டும் என்று கரைக்காரர்களும் தள்ளிப்போடுவார்கள். ஆகவே எங்கள் படத்தில் எல்லா நிறமும் ஆடி மாதத்து நிறம்தான்.

இன்னொன்றும் சொன்னால் சிரிப்பீர்கள். அந்தக் கேமராவில் பக்கவாட்டில் திறக்கும் சின்னத் திரை ஏதோ ஒரு ரிசப்ஷன் கூட்டத்தில் நசுங்கிச் செத்துவிட்டது. கண்ணை வைத்துப் பார்க்கும் குழல் மட்டும்தான் மிச்சம். அதில் தெரிவது கறுப்பு வெள்ளை. நிறத்தைப் பற்றிப் படம் எடுக்கப் போன கேமராக்காரிக்கு ஒரு நிறமும் தெரியாது.

அதனால் டெல்பின் என் தோளுக்குப் பின்னால் நின்று சொல்லிக்கொண்டே இருப்பான். தேரிக்காட்டில் எனக்கு முன்னால் சாம்பல் மேடுகள்தான் இருந்தன. அவன் காதோரம் சொன்னான்: "இப்பம் செங்கல்லு. இப்பம் மொளகா வத்தலு. மேகம் வந்துட்டு, இப்பம் கருவாட்டுக் கொழம்பு." காற்று மணலை வாரி முகத்தில் அடித்தது. பனைகளின் அடிமரம் பாதிவரை மணலுக்குள் போயிருந்தது. நான் சாத்தான்குளத்தில் பிறந்து வளர்ந்தவள். பள்ளிச் சீருடையை அம்மா அலசும்போது தண்ணீர் சிவந்து ஓடும், அது அழுக்கு என்றுதான் நினைத்திருந்தேன். அது ஒரு நிறம் என்று அவன் சொல்லித்தான் தெரிந்தது. ஸ்ரீவைகுண்டத்தில் இதற்கு நேர்மாறாக நடந்தது. கார் நெல் இடுப்பளவு நின்றது. வாய்க்கால் கரையில் கேமராவை வைத்துவிட்டு, சொல்லு என்றேன். அவன் கையை விரித்தான். "எனக்குப் பச்சைக்குப் பேரு தெரியல, சாத்தாங்குளம். எங்க ஆளுவகிட்ட வலையும் பாசியும்தான் பச்சை. இவ்வளவு பச்சைய வச்சுக்கிட்டு இவுக என்னதான் செய்தாவளோ" என்றான். என்னை ஊர்ப்பேர் சொல்லித்தான் கூப்பிடுவான்.

அடுத்தது வெள்ளை. இங்கேதான் நான் என் புத்தியைக் காட்டினேன்.

கேமராவுக்கு எது வெள்ளை என்று தானாகத் தெரியாது. காலை வெளிச்சம் மஞ்சளாக இருக்கும், நிழல் நீலமாக இருக்கும். அதனால் ஒவ்வொரு இடத்திலும் ஒரு வெள்ளைப் பொருளைக் காட்டி, இதுதான் வெள்ளை என்று பொத்தானை அமுக்க வேண்டும். ஒயிட் பேலன்ஸ் என்பார்கள். நீங்கள் காட்டியதை அது அப்படியே நம்பிவிடும். அதன் பிறகு மற்ற நிறங்களையெல்லாம் அதற்குத் தக்கபடி மாற்றிக்கொள்ளும். எங்களிடம் இருந்த வெள்ளை, ஒரு கல்யாணப் பத்திரிகையின் பின்பக்கம். அன்றைக்கு அதைப் பஸ்ஸிலேயே விட்டுவிட்டேன். திருச்செந்தூர் ரோட்டில் இறங்கி, உப்பளத்துக்குள் நடந்து, கேமராவைத் தாங்கியில் மாட்டிய பிறகுதான் தெரிந்தது. டெல்பின் திரும்பிப் போய் ஏதாவது கடையில் காகிதம் வாங்கி வருகிறேன் என்றான். நான் சிரித்தேன். "உப்பளத்துல வந்து நின்னுக்கிட்டு வெள்ளைக்குக் காயிதம் தேடுவாங்களா?"

இதில் என் தப்பு மட்டும் இல்லை, நான் பிறந்த ஊரின் தப்பும் இருக்கிறது. என் அப்பாவுக்குப் பலசரக்குக் கடை. சாத்தான்குளத்தில் வேட்டி, சுவர், கோழி, எல்லாவற்றிலும் சிவப்பு ஏறும். கடை வாசலில் கிடக்கும் உப்பு மூட்டை மட்டும்தான் வாயைத் திறந்தால் பளீரென்று இருக்கும். என் கண்ணுக்கு வெள்ளை என்றால் அதுதான். உப்பைவிட வெள்ளை உண்டு என்று யாராவது சொல்லியிருந்தால் சண்டைக்குப் போயிருப்பேன்.

பாத்தியில் அப்போதுதான் வாரி ஒதுக்கிய ஈர உப்பு இருந்தது. அதைக் குழல் நிறையக் காட்டிப் பொத்தானை அமுக்கினேன். பக்கத்தில் வாரிக்கொண்டிருந்த ஒரு பெண், பலகையை ஊன்றி நின்று பார்த்தாள். புடவைக்கு மேல் ஆண்பிள்ளைச் சட்டை. தலையையும் முகத்தையும் சேர்த்துத் துண்டால் கட்டியிருந்தாள். கண் மட்டும்தான் தெரிந்தது.

"அத ஏன் பிடிக்கீய? தண்ணி முத்திச் செவந்து கெடக்கு, உப்புக்கு இன்னும் செவப்பு மாறல. அந்தா, வரப்புல குமிச்சிருக்கே, காஞ்சு வெளுத்தது அதுதான்" என்றாள்.

"எல்லாம் உப்புதானக்கா" என்றேன் நான். குழலுக்குள் எனக்கு அது வெள்ளையாகத்தானே தெரிந்தது. டெல்பின் வரப்பைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், கேமரா உன் பாடு என்பது போல விட்டுவிட்டான்.

அவள்தான் இசக்கியம்மாள். வாருவதைக் கொஞ்சநேரம் படம் பிடித்தோம். பிறகு அவள், "இது கலர்ல வருமா?" என்று கேட்டாள். கலர்தான் என்றேன். "அப்பம் நில்லுங்க, மூஞ்சியக் கழுவிட்டு வாரேன்" என்று சொல்லிவிட்டு வரப்பில் வைத்திருந்த கேனிலிருந்து தண்ணீரைக் கொஞ்சமாகச் சரித்து, அவ்வளவு சிக்கனமாக, முகத்தைக் கழுவினாள். முந்தானையால் துடைத்தாள். துண்டில்லாத முகத்தோடு வந்து கேமராவுக்கு நேராக விறைப்பாக நின்றாள். வேலை செய்யும்போது இயல்பாக எடுக்க வேண்டும் என்பது டெல்பினின் கொள்கை. ஆனால் அவனே என் முதுகில் தட்டி, "ஓடவிடு" என்றான். நின்றவள் கொஞ்ச நேரத்தில் விறைப்பு தளர்ந்து ஏதோ பேச ஆரம்பித்தாள், சிரித்தாள். ஒரு நிமிஷத்துக்கு மேல் இருக்கும்.

முடிந்த பிறகு துண்டைத் திரும்பக் கட்டிக்கொண்டே சொன்னாள். "எம் மவகிட்டக் காட்டணும். மூணாங்கிளாஸ் படிக்கா. எங்கம்மை மூஞ்சி எப்பம் பாத்தாலும் துண்டுக்குள்ளயே இருக்குன்னு சொல்லுதா." கட்டாயம் போட்டோவாக எடுத்து வந்து தருகிறேன் என்றேன். இன்னும் இரண்டு வாரத்தில் என்று வேறு சொன்னேன்.

சாயங்காலம் ஸ்டூடியோ டீவியில் போட்டுப் பார்த்தோம். எல்லோரும் பச்சை. சிவந்த உப்பைக் காட்டி இதுதான் வெள்ளை என்று நான் சத்தியம் செய்திருக்கிறேன். அந்தச் சிவப்பை அடிக்கக் கேமரா படம் முழுக்கப் பச்சையை ஊற்றிவிட்டது. உப்பு மட்டும் என் அப்பா கடை மூட்டையைப் போலப் பளீரென்று இருந்தது. கழுவித் துடைத்துக்கொண்டு வந்து நின்ற இசக்கியம்மாளின் முகம் நாலு நாள் வாந்தி எடுத்தவள் முகமாக இருந்தது. டெல்பின் கோபப்படுவான் என்று காத்திருந்தேன். "எங்க தெருவுல மொத தடவ கடலுக்குப் போயிட்டு வாரவன் எல்லாம் இந்தக் கலர்லதான் வருவான்" என்று சொல்லிவிட்டு மக்ரூன் பெட்டியை என் பக்கம் தள்ளினான். அவன் திட்டியிருந்தால் இவ்வளவு காலம் ஞாபகம் இருந்திருக்காது.

திரும்ப எடுக்கலாம் என்றுதான் இருந்தோம். ஆடி முடிந்தது, கல்யாணங்கள் தொடங்கின. பிறகு மழை, மழையில் உப்பளத்தில் வேலை கிடையாது. பாத்திகள் மறுபடி காய்வதற்குள் டெல்பினுக்குக் கப்பலில் வேலை வந்துவிட்டது. தன்னுடையது என்பதால் கடைசியாக எடுக்கலாம் என்று அவன் ஒதுக்கி வைத்திருந்த கடலை நாங்கள் எடுக்கவே இல்லை. எந்தெந்தக் கடலையோ அவன் இன்று பார்த்துக்கொண்டிருப்பான். அந்த நிறங்களை யார் காதில் சொல்கிறானோ தெரியாது. பின்னாலிருந்து அந்தக் குரல் இல்லாமல் நான் எடுத்த கல்யாணங்கள் எத்தனையோ, அவற்றில் ஒரு நிறம்கூட எனக்கு நினைவில்லை. அவன் இல்லாமல் அந்த உப்பளத்துக்குப் போக எனக்கு மனம் வரவில்லை. பச்சை முகத்தைக் கையில் எடுத்துக்கொண்டு அந்தப் பெண்ணிடம் போகவும் வெட்கம். அப்படியே இருபது வருஷம் போய்விட்டது. எவ்வளவு எளிதாகப் போய்விடுகிறது பாருங்கள்.

மாரிச்செல்வி தன் வார விடுமுறையில் வீட்டுக்கு வந்தாள். கேசட்டை அதற்குள் கணினியில் ஏற்றி வைத்திருந்தேன். அம்மாவின் முகத்தைப் பார்த்ததும் முதலில் வாயைப் பொத்திக்கொண்டாள். அப்புறம் கையை எடுத்துவிட்டு, "ஏன்க்கா இப்படி இருக்கா? அப்பமே சொகமில்லாம இருந்தாளா?" என்று கேட்டாள். இல்லை, என் தப்பு என்று எல்லாவற்றையும் சொன்னேன். உப்புக் கதையைக் கேட்டு அவள் சிரிப்பாள் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. "சரியாக்க முடியுமா?" என்று மட்டும் கேட்டாள்.

இப்போது வசதி இருக்கிறது. படத்தில் எது வெள்ளை என்று சுட்டிக் காட்டினால் கணினி மற்றதைத் திருத்திவிடும். ஆனால் எதைக் காட்டுவது? உப்பைக் காட்டினால் அது ஏற்கெனவே வெள்ளைதான் என்கிறது. வரப்பில் காய்ந்து வெளுத்த உப்பு படத்தில் எங்கேயும் விழவில்லை. கண்ணின் வெள்ளையைத் தொட்டேன், பச்சை இன்னும் கூடியது. "அம்மைக்குக் கண்ணு எப்பவும் செவந்துதான் இருக்கும்க்கா, உப்புல வெயிலு அடிச்சு" என்றாள் மாரிச்செல்வி. பல்லைத் தொடப் போனேன். "வெத்தல போடுவா" என்றாள். புடவைக்கு மேல் போட்டிருந்த சட்டை என்ன நிறம் என்று கேட்டால், அது தன் அப்பாவுடையது, வெளுத்துப் போய் எந்த நிறமும் இல்லாத சட்டை என்றாள். அந்தப் பெண்ணின் உடம்பில் வெள்ளை என்று சொல்ல ஒன்றுமே இருக்கவில்லை.

பிறகு மாரிச்செல்வி எழுந்து போய் ஜன்னல் திரையை முழுசாக விலக்கினாள். ஜவுளிக்கடைக்காரி அல்லவா, டியூப்லைட்டில் நிறம் பார்க்கக்கூடாது என்பது அவளுக்குத் தெரியும். சேலையை வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய்க் காட்டுவது அவள் தினமும் செய்கிற வேலை. பகல் வெளிச்சம் விழுகிற மாதிரி நாற்காலியைத் திருப்பிப் போட்டு, முழங்கைவரை தன் கையைத் திரைக்குப் பக்கத்தில், அம்மாவின் கன்னத்தை ஒட்டினாற்போல வைத்தாள்.

"நான் அம்மை நெறம்தான். எல்லாரும் சொல்லுவாவ. இதுக்குக் கொண்டாங்க."

பச்சையை மெல்லக் குறைத்தேன். அந்த முகத்தில் ரத்தம் ஏறுவது தெரிந்தது. கைக்கும் கன்னத்துக்கும் வித்தியாசம் தெரியாத இடத்தில் நிறுத்தினேன். நிம்மதியாக மூச்சு விட்டேன். அவள் கையை எடுக்காமல் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு, "இல்லக்கா. நான் கடைக்குள்ளயே நிக்கேன், எனக்கு வெயிலே படுதில்ல. அம்மை வெயில்ல கெடந்தவ. இன்னும் கொஞ்சம் கருப்பாக்குங்க" என்றாள்.

இத்தனை வருஷத் தொழிலில் என் பக்கத்தில் உட்கார்ந்து படம் பார்த்தவர்கள் எல்லோரும் கேட்டது ஒன்றுதான், கொஞ்சம் வெளுப்பாக்குங்க. மாப்பிள்ளை கேட்பார், மாமியார் கேட்பாள், சில சமயம் அவர்கள் கேட்கும் முன்பே நானே செய்து கொடுப்பேன். கருப்பாக்கச் சொன்னவள் இவள் ஒருத்திதான். எனக்குக் கண் கலங்கிவிட்டது, அதனால் அவள்தான் சொல்ல வேண்டியிருந்தது: "இன்னும். இன்னும் கொஞ்சம். போதும்." அங்கேயே நிறுத்தினேன். இசக்கியம்மாள் எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளைச் சுற்றிக் கிடந்த உப்பு முழுக்க இளஞ்சிவப்பாகியிருந்தது. "உப்பு வெங்காயக் கலர்ல இருக்கு" என்றாள் மாரிச்செல்வி, சேலைக்குச் சொல்கிற மாதிரியே.

ஃப்ரேம் போடுவதற்கு ஒரு படத்தைப் பிரித்தெடுத்தேன். அவள், "ஓடுறதையும் ஒரு தடவ போடுங்கக்கா" என்றாள். போட்டேன். அம்மா வந்து நின்றாள், விறைப்பு தளர்ந்தது, பேசினாள், சிரித்தாள்.

"சத்தம் வைங்கக்கா."

சத்தம் இல்லை. நிறத்துக்குக் குறுக்கே எதுவும் வரக்கூடாது என்று டெல்பின் சொல்லி, ஒலியை முழுக்க அணைத்துவிட்டுத்தான் அந்தப் படம் முழுவதையும் எடுத்தோம். இதை அவளிடம் சொன்னேன். "என்ன சொன்னா, ஞாபகம் இருக்கா?" என்று கேட்டாள். வரப்பைக் காட்டிச் சொன்னது, கலரா என்று கேட்டது, மகளைப் பற்றிச் சொன்னது எல்லாம் எனக்கு ஞாபகம் இருக்கிறது. கேமராவுக்கு முன்னால் நின்று பேசிய அந்த ஒரு நிமிஷம் மட்டும் இல்லை. அப்போது என் கவனமெல்லாம் முகம் மங்கலாகிவிடக் கூடாதே என்பதில் இருந்தது. தெரியவில்லை என்று உண்மையைச் சொன்னேன்.

அவள் மறுபடி ஓட்டச் சொன்னாள். திரையோடு ஒட்டிக்கொண்டு வாயை மட்டும் பார்த்தாள். நாலாவது தடவையோ ஐந்தாவது தடவையோ, "நிப்பாட்டுங்க. இந்த எடத்துல ஏளான்னு கூப்பிடுதா. அம்மை வாயி எனக்குத் தெரியாதா? என்னையத்தான் கூப்பிடுதா" என்றாள்.

பெண்பிள்ளையை உரிமையோடு கூப்பிட எங்கள் பக்கத்தில் உள்ள சொல் அது. அன்றைக்கு மாரிச்செல்வி பள்ளிக்கூடத்தில் இருந்தாள். அந்த வெயிலில், இசக்கியம்மாளுக்கு எதிரே நின்ற பெண் நான் ஒருத்திதான்.

"ஆமா, உன்னையத்தான்" என்றேன்.

படத்தைப் பையில் வைத்துக்கொண்டு அவள் போனாள். அந்தப் பாத்திகள் இருந்த இடத்தில் இப்போது கண்டெய்னர் லாரிகள் நிற்கின்றன. ஸ்டூடியோ இல்லை, அண்ணாச்சி இல்லை, என்னை எல்லோரும் மேடம் என்கிறார்கள். அந்தச் சொல் மகளுடையது என்று என் வாயாலேயே சொல்லிக் கொடுத்துவிட்டேன், அதில் எனக்கு வருத்தமில்லை. ஆனால் அவள் தெரு திரும்பியதும் கதவைச் சாத்திக்கொண்டு, ஏளா என்று கூப்பிடுகிற அந்த இடத்தை மட்டும் எனக்காக ஒருமுறை ஓட்டிப் பார்த்தேன்.